மூன்று மூலைகளுக்குள் அடங்காத உடல்

உடல் என்பது நாம் கேட்டுப் பெற்ற பொருளன்று. பெற்றோர் தந்தது பாதி; உண்ட சோறும் செய்த வேலையும் சேர்ந்து ஆக்கியது மீதி. குட்டையாய்ப் பிறந்தவன் நெட்டையாக முடியாது. மெலிந்த தோள் ஒரே இரவில் பருத்துவிடாது. இருப்பதைக் கொண்டு வாழ்வதே மனித இயல்பாக இருந்து வந்தது. ஆனால் நம் காலத்தில் ஒரு புதுமை நேர்ந்திருக்கிறது. கணிப்பொறித் திரையில், ஒரு விரலசைவில், தனக்கு வேண்டிய உடலைத் தானே செய்துகொள்ளும் விளையாட்டுகள் வந்துவிட்டன. விளையாட்டைப் பற்றிக் கல்லூரி மலரில் எழுதுவதா என்று சிலர் நகைக்கக்கூடும். இது விளையாட்டைப் பற்றியது மட்டுமன்று என்பதைப் படித்து முடிக்கையில் அவர்கள் ஒப்புக்கொள்வார்கள் என்பது என் நம்பிக்கை.

பாத்திரமேற்று ஆடும் விளையாட்டுகள் முதலில் தாளும் பென்சிலும் கொண்டே ஆடப்பட்டன. 1974-இல் அமெரிக்காவில் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் என்னும் இருவர் 'டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' என்ற விளையாட்டை வெளியிட்டனர். அதில் ஒருவனுடைய வலிமை, சுறுசுறுப்பு, உடலுறுதி, அறிவு முதலியவை ஆறு எண்களாகத் தாளில் எழுதப்படும். ஒவ்வோர் எண்ணுக்கும் மூன்று பகடைகளை உருட்டுவார்கள். 3 விழுந்தால் நோஞ்சான். 18 விழுந்தால் பீமன். பிறப்பைப் போலவே அங்கும் உடலைத் தந்தது விதிதான்!

கணிப்பொறி வந்தபின் பகடை பின்னுக்குப் போயிற்று. 2011-இல் வந்த 'ஸ்கைரிம்' என்ற விளையாட்டில் உடலுக்கென ஒரு கோடு உண்டு. இடப்பக்கம் தள்ளினால் மெலிவு, வலப்பக்கம் தள்ளினால் பருமன். 2015-இல் வந்த 'ஃபால்அவுட் 4' அந்தக் கோட்டை ஒரு முக்கோணமாக்கியது. ஒரு மூலையில் ஒல்லியான உடல், மற்றொன்றில் தசை முறுக்கேறிய உடல், மூன்றாவதில் பருத்த உடல். நடுவில் ஒரு புள்ளி. அதை எந்த மூலைப் பக்கம் நகர்த்துகிறோமோ அந்தச் சாயல் உடலில் ஏறும்.

இந்த முக்கோணத்தை நான் கண்டது சென்ற பொங்கலின்போது. சென்னையில் வேலை பார்க்கும் என் மச்சான் தன் மடிக்கணினியை ஊருக்குக் கொண்டுவந்திருந்தான். பள்ளியில் எனக்குத் 'தார்க்குச்சி' என்று பெயர். நூல் சுற்றும் குச்சி போல் இருப்பேன் என்பதால் வைத்த பெயர். எனவே புள்ளி என் கையில் கிடைத்ததும் எந்த மூலைக்கு ஓடியிருக்கும் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ? திரையில் ஒரு மல்லன் நின்றான். கழுத்தே தெரியாத தோள். கதவை அடைத்துக்கொள்ளும் மார்பு.

தறியை விட்டு எழுந்து வந்த அப்பா சற்று நேரம் பின்னால் நின்று பார்த்தார்.

"இவன் தறிக்கு ஆவமாட்டான்" என்றார். "இம்மாம் ஒடம்ப வெச்சிக்கினு குழியில எறங்க முடியுமா?"

மச்சான் சிரித்துவிட்டான். அப்பா சிரிக்கவில்லை. உண்மையாகவே யோசித்துப் பார்த்துச் சொன்ன கருத்து அது. பிறகு கேட்டார்: "எங்கள மாதிரி ஆளு இதுல கெடையாதா?"

இருக்கக்கூடும் என்று எண்ணி அன்றிரவு அப்பாவைச் செய்து பார்க்க உட்கார்ந்தேன். ஐந்தாம் வகுப்போடு பள்ளியை விட்டுக் குழித்தறியில் இறங்கியவர் அவர். வலக்கை நாடாக் கயிற்றை இழுத்து இழுத்து வலத்தோள் தாழ்ந்து போயிற்று. பாவைக் குனிந்து பார்த்துப் பார்த்து முதுகின் மேற்பகுதி வளைந்தது. வயிறு ஒட்டியிருக்கும், ஆனால் மிதித்து மிதித்துக் கெண்டைக்கால் மட்டும் உருண்டு திரண்டிருக்கும். புள்ளியை எங்கெல்லாமோ நகர்த்தினேன். ஒல்லி மூலையில் வைத்தால் கால் சூம்பியது. தசை மூலையில் வைத்தால் மார்பும் சேர்ந்து விம்மியது. தோளோ எங்கு வைத்தாலும் தராசுக் கோல் போல் நேராகவே நின்றது. நள்ளிரவு தாண்டியும் அப்பா வரவில்லை.

ஏன் வரவில்லை என்பதற்கு விடை கணிதத்தில் இருக்கிறது. அதை எளிமையாகவே சொல்கிறேன். திரையில் காணும் உடல் பல்லாயிரம் புள்ளிகளால் ஆனது. ஓவியர்கள் மூலை உடல்களை மட்டுமே செய்து வைக்கிறார்கள். இடைப்பட்ட உடல்கள் யாவும் அவற்றின் கலவை. ஒல்லியின் இடுப்பு 28 அங்குலம், பருத்தவனின் இடுப்பு 40 அங்குலம் என்று கொள்வோம். சரிபாதியில் வைத்தால் 34 வரும். 28-க்குக் கீழேயோ 40-க்கு மேலேயோ எந்நாளும் போகாது. கணிதத்தில் இதைக் குவிச்சேர்க்கை என்பார்கள். இனித் தோளுக்கு வருவோம். மூன்று மூலை உடல்களிலும் இடத்தோளும் வலத்தோளும் ஒரே உயரம். எனவே உயர வேறுபாடு மூன்றிலும் பூச்சியம். பூச்சியங்களை எந்த விகிதத்தில் கலந்தாலும் பூச்சியம்தானே வரும்? மூலைகளில் இல்லாத ஒன்று நடுவில் ஒருபோதும் பிறக்காது. கோடிக்கணக்கான உடல்கள் அந்த முக்கோணத்துக்குள் உண்டு. எங்கள் அப்பா மட்டும் அதற்கு வெளியே நிற்கிறார்.

இதை வேண்டுமென்றே செய்த சூழ்ச்சி என்று நான் கூறவில்லை. இத்தகைய உருவங்களைச் செய்வோர் பெரும்பாலும் உடலின் ஒரு பாதியை மட்டும் செய்து, மறுபாதியைக் கண்ணாடிப் பிம்பம்போல் எடுத்துக்கொள்கிறார்கள். வேலை பாதியாகக் குறைகிறது. மேலும் ஒவ்வோர் உடலுக்கும் விளையாட்டில் வரும் அத்தனை சட்டைகளும் கவசங்களும் பொருந்தியாக வேண்டும். பொருந்தாவிட்டால் தோள் சட்டையைத் துளைத்துக்கொண்டு வெளியே தெரியும். உடல் வகை கூடக் கூட வேலையும் செலவும் பெருகும். 2023-இல் வந்து பெரும்புகழ் பெற்ற 'பால்டர்ஸ் கேட் 3' விளையாட்டிலும் மனிதப் பாத்திரத்துக்கு உள்ளவை நான்கு உடல் வகைகளே. ஆரணிக்காரனாகிய எனக்கு இங்கு ஓர் எண்ணம் தோன்றாமல் இல்லை. எங்கள் வீட்டில் நெய்யும் புடவைக்கு அளவு எண் கிடையாது. ஒல்லிக்கும் பருமனுக்கும், மணப்பெண்ணுக்கும் அவள் பாட்டிக்கும் அதே ஐந்தரை மீட்டர்தான். உடுத்துகிறவள் உடலுக்கேற்பக் கொசுவம் கூடும், குறையும், அவ்வளவே. புடவையின் நடுப்பகுதியை நெசவாளர்கள் 'உடல்' என்றே அழைப்பது எவ்வளவு பொருத்தம்!

திரையிலுள்ள பொம்மை எப்படி இருந்தால் நமக்கென்ன என்று கேட்கலாம். 2007-இல் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த நிக் யீ, ஜெரமி பெய்லன்சன் ஆகியோர் ஓர் ஆய்வை வெளியிட்டனர். கணிப்பொறி உலகில் உயரமான உருவம் கொடுக்கப்பட்டவர்கள், குட்டையான உருவம் கொடுக்கப்பட்டவர்களைவிடப் பணம் பங்கிடும் பேரத்தில் அதிக உறுதியோடு நடந்துகொண்டார்கள் என்று அது காட்டியது. நினைத்த வடிவெல்லாம் எடுக்க வல்ல கிரேக்கக் கடல் தெய்வமொன்றின் பெயரால் இதைப் 'புரோட்டியஸ் விளைவு' என்கிறார்கள். பொம்மை நம்மை மாற்றுமானால், எந்தப் பொம்மைகள் கிடைக்கின்றன என்பது சிறிய கேள்வியன்று. அழகன், வீரன், தலைவன் என்றால் நேரான தோள் என்று லட்சக்கணக்கான இளைஞர்கள் கண்டு பழகுகிறார்கள். வளைந்த முதுகு கிழவனுக்கும் சூனியக்காரிக்கும் மட்டும் ஒதுக்கப்படுகிறது.

விளையாட்டோடு இது நிற்கவுமில்லை. 2015-இல் ஜெர்மனியின் மாக்ஸ் பிளாங்க் ஆய்வு நிறுவனத்தார் 'எஸ்.எம்.பி.எல்.' என்ற உடல் மாதிரியை உருவாக்கினர். சில எண்களை மாற்றினால் மனித உடலின் வடிவம் மாறும். உலகெங்கும் ஆய்வாளர்கள் இதைப் பயன்படுத்துகிறார்கள். இதன் வடிவங்கள் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் அளவெடுக்கப்பட்ட ஆயிரக்கணக்கான மக்களின் உடல்களிலிருந்து கற்றுக்கொள்ளப்பட்டவை. அளக்கப்பட்டவரே மாதிரியில் இடம்பெறுகிறார்; அளக்கப்படாதவர் அதில் இல்லை. நம் நாட்டிலும் 'இந்தியா சைஸ்' என்ற பெயரில், 15 முதல் 65 வயது வரையுள்ள 25,000 பேரை ஆறு நகரங்களில் அளக்கும் பணியை நிஃப்ட் நிறுவனம் மேற்கொண்டது. ஆயத்த ஆடைகளுக்கு இந்திய அளவுகள் வேண்டும் என்பதே அதன் நோக்கம். நல்ல முயற்சி. ஆனால் தறிக்குழியும் வயலும் நகரத்தில் இல்லையே!

இத்தனைக்கும் கணிப்பொறிக்குத் தறி ஒரு விதத்தில் மூதாதை. நம் ஊர்த் தறிகளின் தலைமேல் அமர்ந்திருக்கும் ஜக்கார்டு பெட்டி, 1804-இல் பிரான்சு நாட்டின் ஜோசப் மரி ஜக்கார்டு அமைத்த பொறியின் வழி வந்தது. அட்டையில் துளை இருந்தால் இழை எழும்; இல்லாவிட்டால் எழாது. கணிப்பொறியின் ஒன்றும் பூச்சியமும் இதே தத்துவந்தான். 1839-இல் ஏறத்தாழ 24,000 அட்டைகளைக் கொண்டு ஜக்கார்டின் உருவப்படமே பட்டில் நெய்யப்பட்டது. அப்படம் ஒன்றைச் சார்லஸ் பாபேஜ் தம் வீட்டில் வைத்திருந்தார். தாம் திட்டமிட்ட கணிக்கும் பொறிக்கும் துளை அட்டைகளையே தேர்ந்தார். மனித உருவத்தை எண்களாக்கிப் படைக்கும் வித்தை பட்டுத் தறியிலேயே தொடங்கிவிட்டது. தறியில் பிறந்த வித்தையில் தறிக்காரனின் உடலுக்கு இடமில்லை என்பதே என் மனத்தை உறுத்துகிறது.

வேறு வழி உண்டா? நம் மாவட்டத்துப் புரிசையைப் பாருங்கள். கண்ணப்பத் தம்பிரான் பெயரால் உலகறிந்த தெருக்கூத்து மரபு அவ்வூருடையது. பகலில் வயலில் நிற்கும் மெலிந்த மனிதர் இரவில் கட்டை கட்டிக்கொள்கிறார். எடை குறைந்த மரத்தில் செய்து கண்ணாடிச் சில்லு பதித்த கிரீடமும் புஜக்கட்டைகளும் ஏறியதும் அவர் உயரமும் அகலமும் இருமடங்காகத் தோன்றுகின்றன. துரியோதனன் வந்துவிட்டான்! ஆண் திரௌபதியாகிறான், கிழவர் அபிமன்யு ஆகிறார். அங்கே இன்ன உடலுக்குத்தான் வேடம் என்ற முக்கோணம் இல்லை. எந்த உடல் வந்தாலும் அதன்மேல் வேடம் கட்டப்படுகிறது. உடலை மாற்றச் சொல்லாமல் கட்டையைக் கூட்டிக் கட்டுகிறார்கள்.

நான் எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள். கட்டணம் கட்டியதும் பேருந்துக்குக் காசு தந்ததும் அந்தத் தாழ்ந்த தோள்தான். ஆதலால் அது குறையுடைய தோள் என்று எந்தப் பொறி சொன்னாலும் என்னால் ஏற்க முடியாது. அதே வேளையில் அந்தத் தோள் இரவில் வலிக்கிறது என்பதையும் அறிவேன். அதை அழகு என்று பாடிவிட்டுப் போகவும் எனக்கு விருப்பமில்லை. உள்ளது உள்ளபடி அது கணக்கில் வரவேண்டும். அவ்வளவே நான் கேட்பது. கணக்கில் வந்தால்தான் அந்தத் தோளுக்கேற்ற சட்டையும், வலிக்காத தறியும் பற்றி எவரேனும் யோசிப்பார்கள்.

உருவங்களைச் செய்யும் 'பிளெண்டர்' என்ற மென்பொருள் 2002 முதல் எவரும் திறந்து பார்த்து மாற்றக்கூடியதாக, விலையின்றிக் கிடைக்கிறது. மச்சானின் பழைய கணினியில் அதைக் கற்று வருகிறேன். சென்ற மாதம் அங்குல நாடாவை எடுத்து அப்பாவை அளந்தேன். "எதுக்குடா இதெல்லாம்?" என்றபடி சுவரோரம் நின்றார். வலத்தோள் இடத்தோளைவிட ஒன்றேகால் அங்குலம் தாழ்வு. நோட்டில் குறித்துக்கொண்டேன். நான்காவது மூலைக்கு அதுவே முதல் எண்.

நண்பர்களே! உங்கள் வீடுகளிலும் அரிசி ஆலையில் மூட்டை சுமந்த கழுத்துகள் உண்டு. நாற்று நட்டு வளைந்த இடுப்புகள் உண்டு. நூல் சுற்றித் தேய்ந்த விரல்கள் உண்டு. கணிதமும் கணிப்பொறியும் பயிலும் நாம் அவற்றை அளந்து எழுதி வைக்காவிட்டால் வேறு எவர் எழுதுவார்? நாளைய உருவங்களைச் செய்யப்போகும் கைகளில் நம் கைகளும் இருக்கட்டும்.

— இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் (கணிதம்)