ஏற்காட்டில் பன்னீர் வாசம்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு இருபது கொண்டை ஊசி வளைவுகள். பத்தாவதில் காது அடைக்கும். பதினைந்தாவதில், காலையில் சாப்பிட்ட இட்லி 'நானும் ஊர் பார்க்கிறேனே' என்று கிளம்பும். இருபதைத் தாண்டிவிட்டால்... ஜில்!

ஏரிப் பக்கம் ஒரு பழக்கடை. ஆரஞ்சு, பேரி, கொய்யாவுக்கு நடுவே கறுப்புத் திராட்சை. "மலைத் திராட்சை! இதுலதான் ஒயின் பண்ணுவாங்க" என்று மனைவியிடம் அளந்து கொண்டிருந்தார் ஒரு டூரிஸ்ட். கடைக்கார அம்மாள் சிரித்துவிட்டார். "அது கம்பத்துலேர்ந்து வருதுங்க. இங்க விழற பனிக்குத் திராட்சைக் கொடி தாங்குமா?"

நியாயமான பேச்சு. 1820-களில் சேலம் கலெக்டர் காக்பர்ன் இந்தச் சேர்வராயன் மலைக்குக் காபி, ஆரஞ்சு, பேரி எல்லாம் கொண்டு வந்தார். அவை ஒட்டிக்கொண்டன. திராட்சைக்கோ, இலை எப்போதும் ஈரமாக இருந்தால் பூஞ்சைக் காளான் வந்துவிடும். தலைக்கு வெயில், காலுக்குத் தண்ணீர் கேட்கும் பயிர் அது. தேனி மாவட்டத்துக் கம்பம் பள்ளத்தாக்கில் இரண்டும் உண்டு. தண்ணீர், 1895-ல் பென்னிகுயிக் கட்டி முடித்த பெரியாறு அணையின் உபயம்!

ஒரு பழத்தைக் கிள்ளி முகர்ந்தால் சாட்சாத் பன்னீர். பேர் சும்மா வைக்கவில்லை, ஸார்! ரோஜாவில் மணக்கிற ஜெரானியால் என்ற பொருள் இந்தத் திராட்சையிலும் இருக்கிறது. வெளிநாட்டில் இதற்குப் பெயர் மஸ்கட் ஹாம்பர்க். சீனாவில் தியான்ஜின் பக்கம் இந்தக் கறுப்புப் பழத்தில் வெள்ளை ஒயின் செய்கிறார்கள். கண்கட்டு வித்தை ஒன்றுமில்லை. கறுப்பு, தோலில்தான், சாற்றில் இல்லை. தோலோடு ஊறவிடாமல் பிழிந்துவிட்டால் நிறம் நின்றுவிடும், வாசம் மட்டும் கூடவே வரும்.

நம்மூரில் இதற்கு 2023-ல் புவிசார் குறியீடு கொடுத்தார்கள். ஆனைமலையான்பட்டியில் திராட்சைக்கென்றே ஓர் ஆராய்ச்சி நிலையமும் இருக்கிறது. வருஷம் முழுக்க ஏதாவது ஒரு தோட்டத்தில் காய்ப்பு உண்டு. ஆனால், பழுத்த நேரத்தில் மழை பிடித்தால் பழம் வெடிக்கும். பறித்து வைத்தால் சில நாளில் உதிரும். விவசாயி விலைக்காகக் காத்திருக்க முடியாது. வந்த விலைக்குத் தள்ள வேண்டியதுதான். போதாததற்கு, விதையில்லாத நாசிக் திராட்சை வேறு போட்டிக்கு!

"கொட்டை இருக்கான்னுதான் எல்லாரும் கேக்கறாங்க. வாசம் இருக்கான்னு ஒருத்தரும் கேக்கலீங்க" என்றார் அந்த அம்மாள்.

கொட்டை இருந்தால் துப்பிவிடலாம். வாசம் இல்லாவிட்டால் என்ன செய்வதாம்?