பெயிண்ட் பட்டறையில் எழுதின சரித்திரம்

எங்கப்பா வெள்ளையடிக்கிறவர். மூணாவதோடு படிப்பு நின்னுபோச்சு. ஆனாலும் ஒரு நோட்டு வச்சிருந்தார். யார் வூட்ல எத்தன நாள் வேலை, எவ்வளவு பாக்கி, எவன் கொட்டாங்குச்சில தண்ணி குடுத்தான், எல்லாம் அதில் இருக்கும். பேசுற மாதிரியே எழுதுவார். புள்ளி, கமா ஒண்ணும் கிடையாது. கல்லூரியில் சேர்ந்த வருஷம், கூட்டாளிங்க பாத்துட்டா அசிங்கம்னு அந்த நோட்டைப் பழைய பேப்பர்காரனுக்குப் போட்டது நான்தான்.

மைக்கேல் ஷைனரின் நாட்குறிப்பைப் படிக்கும்போது அந்த நோட்டு வந்து நெஞ்சில் உட்கார்ந்துகொண்டது.

வாஷிங்டன் கடற்படைக் கப்பல் கட்டுந்துறை 1799இல் தொடங்கியது. அமெரிக்கக் கடற்படையின் கரைத் தளங்களில் அதுதான் மூத்தது. அதன் வரலாற்றைத் தளபதிகளின் பெயரைக் கொண்டே சொல்லிவிடலாம். 1814இல் ஆங்கிலேயப் படை நகருக்குள் வந்தபோது, எதிரி கையில் சிக்கக்கூடாது என்று தளபதி டிங்கியே துறைக்குத் தீ வைக்கச் சொன்னார். பிறகு மறுபடி கட்டினார்கள். பின்னாளில் அது பீரங்கித் தொழிற்சாலை ஆனது. 1960களின் தொடக்கத்தில் அந்த வேலையும் நின்றது. இன்று அங்கே அலுவலகங்களும் ஒரு அருங்காட்சியகமும் இருக்கின்றன.

சரி, கப்பலுக்குச் சாயம் பூசினவன் யார்? அடிமைகளும்தான். வேலை செய்தவன் ஒருத்தன், கூலி வாங்கினவன் வேறொருத்தன். ஷைனரின் எசமான் தாமஸ் ஹோவர்ட் அதே துறையில் எழுத்தர்.

1833இல் ஷைனரின் மனைவி ஃபிலிஸையும் மூணு பிள்ளைகளையும் அடிமை வியாபாரிகளுக்கு வித்துட்டாங்க. அலெக்சாண்ட்ரியாவில் அடைச்சு வச்சிருந்தாங்க. பெரிய மனுசங்க வாசல் வாசலா ஏறி இறங்கி அவர்களை மீட்டார் இந்த மனுசன். யார் யார் உதவினார்கள் என்பதையும் மறக்காமல் எழுதியிருக்கிறார்.

1835இல் அங்கே ஒரு வேலைநிறுத்தம். பொருள் களவு போகிறதென்று தளபதி ஐசக் ஹல், தொழிலாளிகள் சாப்பாட்டுக் கூடையை உள்ளே கொண்டுவரத் தடை போட்டார். வெள்ளைத் தொழிலாளிகள் கொதித்தார்கள். நியாயம்தான். ஆனால் அந்தக் கொதிப்பு எங்கே போய் இறங்கியது? பெவர்லி ஸ்னோ என்ற கறுப்பர் நடத்திய உணவு விடுதியில். கும்பலாகப் போய் அடித்து நொறுக்கினார்கள். தொழிலாளி ஒற்றுமை பேசுகிற தோழர்கள் இந்த ஆகஸ்ட் மாசத்தை ஒருதரம் படிக்கணும். நம்மூர் ஆலைகளில் சங்கம் ஒண்ணா இருந்தும் தண்ணிப்பானை ரெண்டா இருந்ததைப் பார்த்தவர்களுக்கு இது புதுசில்லை.

ஷைனர் 1840 வாக்கில் விடுதலை ஆனார். உள்நாட்டுப் போர் தொடங்கிய 1861இல், துறையில் விசுவாச உறுதிமொழி எடுத்த கறுப்பர்களில் தானே முதல் ஆள் என்று எழுதிவைத்தார். 1880இல் பெரியம்மை கண்டு இறந்தார்.

அவர் எழுத்தும் பேச்சு மாதிரியேதான். மூச்சு விடாமல் வாக்கியம் ஓடும். எழுத்துப் பிழை நிறைய. அந்தப் பிழைகளோடேயே அதை அச்சேற்றியிருக்கிறார்கள். அசல் நோட்டு அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் பத்திரமாக இருக்கிறது. அந்தத் துறையின் அன்றாடத்தை அறிய ஆராய்ச்சியாளர்கள் அதைத்தான் புரட்டுகிறார்கள்.

எங்கப்பா நோட்டிலிருந்து எனக்கு ஒரே ஒரு வரிதான் ஞாபகத்தில் நிக்குது: 'கேட்டுக்கு வெளிய நின்னன் பாக்கி எட்டு ரூவா நாளக்கி வான்னுட்டாரு'.

எடைக்குப் போட்டதில் எனக்குக் கிடைத்தது நாப்பது பைசா.