பேய் பிடிக்கும் படமும் ஒரு கழித்தற் கணக்கும்

முப்பத்தைந்து ஆண்டுகள் நான் மன்னார்த் தீவின் பள்ளிக்கூடங்களில் கணக்குச் சொல்லிக் கொடுத்தேன். கணக்கோடு சேர்த்து நான் பிள்ளைகளுக்குக் கற்பித்த பாடம் மற்றொன்றும் உண்டு. பேய் என்று ஒன்று இல்லை என்பதே அது. எங்கள் ஊரில் இப்பாடம் எளிதான பாடமன்று. பள்ளிமுனைப் பெருக்க மரத்தைப் பார்த்தவர்களுக்கு அது விளங்கும். பத்துப் பேர் கைகோத்து நின்றாலும் கட்டியணைக்க முடியாத அடிமரம். இலையுதிர்ந்த காலத்தில், வேரை வானத்தில் ஊன்றித் தலைகீழாக நிற்பது போன்ற தோற்றம். அதன் நிழலில் பேய் இல்லை என்று நம்புவதற்குச் சிறு பிள்ளைக்குத் துணிச்சல் வேண்டும். சதுப்பு நிலத்தில் இரவில் தோன்றி மறையும் வெளிச்சத்தைக் கொள்ளிவாய்ப் பேய் என்பர். மக்கிய பொருள்களிலிருந்து எழும் வாயு எரிவதே அது என்பது விஞ்ஞானம் தரும் விளக்கம் என்று கரும்பலகையில் படம் வரைந்து காட்டியிருக்கிறேன். இன்றோ தெற்குக் கரையில் 2020ஆம் ஆண்டு முதல் சுழலும் முப்பது காற்றாலைகளின் சிவப்பு விளக்குகள் இரவெல்லாம் கண்சிமிட்டுகின்றன. கொள்ளிவாய்ப் பேயைப் பற்றி இப்போது எவரும் பேசுவதில்லை.

ஆகவே, கொழும்பிலிருந்து விடுமுறைக்கு வந்த என் பேரன், "தாத்தா, பேய் பிடிக்கும் ஆட்களைப் பற்றிய சிரிப்புப் படம் ஒன்று பார்ப்போம்" என்றபோது நான் மறுக்கவில்லை. பேயைக் கண்டு அஞ்சுகிறவனைவிடப் பேயைப் பார்த்துச் சிரிக்கிறவன் பாதி வழி கடந்தவன் என்பது என் கருத்து.

'கோஸ்ட்பஸ்டர்ஸ்' என்பது அப்படத்தின் பெயர். பேயொழிப்போர் என்று நாம் சொல்லிக்கொள்ளலாம். முதற்படம் 1984இல் அமெரிக்காவில் வெளிவந்தது. அதன் தொடர்ச்சியான இரண்டாம் படம் 1989 ஜூன் மாதம் வெளிவந்தது. 2024இல்கூட இவ்வரிசையில் புதிய படமொன்று வந்ததாம். அதைப் பார்த்த பிறகுதான் பேரனுக்குப் பழையவற்றின்மீது ஆசை பிறந்திருக்கிறது. முதல் நாள் முதற்படம், மறுநாள் இரண்டாவது என்று ஏற்பாடு. பக்கத்து வளவு அக்காவும் கதிரையை இழுத்துப்போட்டுக்கொண்டு எங்களோடு உட்கார்ந்தாள். அவளுக்கு ஆங்கிலம் தெரியாது; பேரன் இடையிடையே கதை சொன்னான்.

பேய்ப்படம் நமக்குப் புதிதன்று. 2007இல் 'முனி'யில் தொடங்கிக் 'காஞ்சனா', 'காஞ்சனா 2' என்று நீண்ட வரிசையையும், 'அரண்மனை' வரிசையையும் தமிழ் மக்கள் கூட்டம் கூட்டமாகப் பார்த்துச் சிரித்திருக்கிறார்கள். அவற்றை மட்டமான படங்கள் என்று ஒதுக்கிவிடும் அறிஞர்கள் ஒன்றைக் கவனிப்பதில்லை. 2011இல் வந்த 'காஞ்சனா'வில் பேயாக வருபவள், நிலத்தைப் பறிப்பதற்காகக் கொல்லப்பட்ட ஒரு திருநங்கை. தமிழ்ப் படத்துப் பேய் பெரும்பாலும் ஒரு வழக்காளி. உயிரோடு இருந்த காலத்தில் பொலிசும் நீதிமன்றமும் கேட்காத முறைப்பாட்டை, செத்த பிறகு இன்னொருவன் உடம்பில் ஏறி நின்று சொல்கிறது. அதன் முறைப்பாட்டைக் கேட்காமல் அதை ஓட்ட முடியாது.

அமெரிக்கப் படத்தில் வரும் பேய் அத்தகையதன்று. அங்கே அது ஒரு நகரசபைத் தொந்தரவு. எலித்தொல்லை, சாக்கடை அடைப்பு போன்றது. முதுகில் இயந்திரம் மாட்டிய நால்வர் கூலிக்கு வந்து அதைப் பொறியில் பிடித்து, பழைய தீயணைப்பு நிலையம் ஒன்றின் நிலவறையில் அடைத்து வைக்கிறார்கள். பேய் யார், எப்படிச் செத்தது, அதற்கு என்ன வேண்டும் என்று கேட்க எவருக்கும் நேரமில்லை. முதற்படத்தில் ஓர் அதிகாரி மின்சாரத்தை நிறுத்திவிட, அடைபட்டவை யாவும் கூரையைப் பிளந்துகொண்டு வெளியேறுகின்றன. அடைத்து வைத்த பேய் அடங்கிய பேயன்று என்ற அளவில் அது நல்ல பாடந்தான்.

இரண்டாம் படம் இதைவிட ஓரடி ஆழம் போகிறது. ஊரைக் காப்பாற்றிய நால்வர்மீதும் ஊரே நட்டஈட்டு வழக்குப் போட்டு, அவர்கள் தொழிலையும் தடைசெய்துவிட்டது. இருவர் பிள்ளைகளின் பிறந்தநாள் விருந்தில் வேடிக்கை காட்டிப் பிழைக்கிறார்கள். இங்கே அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். "வேலை செய்தவனுக்குத்தான் வழக்கு! நம்மட ஊர்தான்" என்றாள்.

பிறகு நகரத்தின் அடியில், கைவிடப்பட்ட சுரங்கப்பாதையில், இளஞ்சிவப்பு நிறக் குழம்பொன்று ஆறாக ஓடுவதைக் கண்டுபிடிக்கிறார்கள். மனிதர் ஒருவரையொருவர் ஏசும் ஏச்சும் கொள்ளும் பகையுமே அக்குழம்பைப் பெருகச் செய்கின்றன. நீதிமன்றத்தில் நீதிபதி கோபத்தில் கத்தக் கத்த, மேசையிலிருந்த குழம்பு கொதித்து, அவரே மரணதண்டனை விதித்த இரு சகோதரர்களின் ஆவிகள் அதிலிருந்து எழுகின்றன. இதைப் பார்த்ததும் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். பேயை உண்டாக்குகிறவன் உயிரோடிருக்கும் மனிதன். அவன் பகையே அதற்கு உணவு. நான் முப்பத்தைந்து ஆண்டுகள் வகுப்பில் சொல்ல முயன்று சொல்லத் தெரியாமற் போன விஷயம் இதுவல்லவா?

எங்கள் தெருக்களின் அடியிலும் அந்தக் குழம்பு ஓடியிருக்கிறது. அப்படம் வெளிவந்ததற்கு அடுத்த ஆண்டு, 1990 அக்டோபரில், விடுதலைப் புலிகள் வடமாகாணத்து முஸ்லிம் மக்கள் அனைவரையும் வெளியேற்றினார்கள். எருக்கலம்பிட்டியிலும் அயலூர்களிலும் இருந்தவர்கள், கையிற் கிடைத்ததை எடுத்துக்கொண்டு, கடல்வழியாகக் கற்பிட்டிக் கரைக்குப் போனார்கள். அவர்களில் என்னிடம் பின்னக்கணக்குப் படித்த பிள்ளைகள் இருந்தார்கள். நான் என் வேலிக்குள் நின்று பார்த்தேன். அச்சம் என்று சொல்லிக்கொண்டேன், அச்சமும் உண்மைதான். ஆனால் அன்று வேலிக்குள் நின்றவர்களின் மௌனமும் அந்தக் குழம்பில் சேர்ந்தது என்பதை இன்று மறைப்பதில் பயனில்லை.

படம் ஓடிக்கொண்டிருந்தது. சுரங்கத்தில், என்றோ தடம்புரண்டு பலரைக் கொன்ற பழைய புகைவண்டியொன்று ஆவியாக வந்து ஒருவன் உடம்பை ஊடுருவிப் போகிறது. பேரன் சிரித்தான். எனக்குத் தனுஷ்கோடி நினைவுக்கு வந்தது. 1964 டிசம்பர் 22ஆம் நாள் இரவு எங்கள் கரையையும் அக்கரையையும் அடித்த புயலில், பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்குப் போன புகைவண்டி நூற்றுக்கு மேற்பட்ட பயணிகளோடு கடலுக்குள் போயிற்று. 1914 முதல் தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையில் ஓடிய கப்பற் சேவையும் அத்தோடு முடிந்தது. பின்பு கப்பல் இராமேசுவரத்திலிருந்து வந்தது.

அடுத்துத்தான் அந்தக் காட்சி வந்தது. நியூயோர்க் துறைமுகத்தில் ஒரு பெரிய கப்பல் வந்து நிற்கிறது. முகப்பில் பெரிய ஓட்டை. அது 1912இல் பனிப்பாறையில் மோதி மூழ்கிய 'டைட்டானிக்'. அதிலிருந்து பயணிகள் நனைந்த உடைகளோடும் பெட்டிகளோடும் வரிசையாக இறங்கிக் கரைக்கு வருகிறார்கள். துறைமுகத்து ஆள் வாயைப் பிளந்து பார்த்துவிட்டு, பிந்தினாலும் வந்து சேர்ந்தார்களே என்ற பாவனையில் ஒரு வார்த்தை சொல்கிறான். சில நொடிகளே ஓடும் பகிடி அது. பேரன் கைதட்டிச் சிரித்தான். நானும் சிரித்தேன்.

அக்கா சிரிக்கவில்லை. திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல், "எல்லாரும் கரைக்கு வந்தாச்சா, தம்பி?" என்று கேட்டாள்.

அவளுடைய மகன் 2009ஆம் ஆண்டின் தொடக்கத்தில் வன்னியில் இருந்தவன். அதன்பின் அவனைப் பற்றிய செய்தி இல்லை. இறந்தான் என்று சொன்னவரும் இல்லை. கண்டேன் என்று சொன்னவரும் இல்லை. ஒவ்வொரு விசாரணைக்கும் அவள் அதே புகைப்படத்தைக் கொண்டு போனாள். வைத்து வைத்து அதன் ஓரங்கள் தேய்ந்துவிட்டன.

"வந்தாச்சு, அக்கா" என்றேன். வேறென்ன சொல்வது?

அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. எங்கள் தலைமன்னார் இறங்குதுறையில் ஒரு கப்பல் வந்து நின்றால் அதிலிருந்து யார் யார் இறங்குவார்கள் என்று எண்ணிக்கொண்டு கிடந்தேன். பத்தொன்பதாம் நூற்றாண்டில் தமிழகத்திலிருந்து தோணியில் வந்து, இக்கரையில் இறங்கி, கோப்பித் தோட்டங்களை நோக்கி மாத்தளை வரை காட்டுவழியே நடந்து, வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் வழியிலேயே விழுந்தவர்கள் முதலில் இறங்குவார்கள். அவர்களுக்குக் கல்லறையும் இல்லை, பெயர்ப்பட்டியலும் இல்லை. அவர்களுடைய பேரப்பிள்ளைகளைத்தான் 1964 அக்டோபரில் செய்த சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் பங்கு பிரித்தது. ஐந்து இலட்சத்து இருபத்தையாயிரம் பேர் இந்தியாவுக்கு, மூன்று இலட்சம் பேர் இலங்கைக்கு, மிச்சம் பிறகு பார்ப்போம் என்று மனிதரை வகுத்த கணக்கு அது. அவர்களை மலைநாட்டிலிருந்து இத்துறைக்கு ஏற்றி வந்த வண்டியை 'ஒப்பாரிக் கோச்சி' என்று அம்மக்கள் அழைத்தார்கள். போனவர்கள் உயிரோடு போனார்கள். ஆயினும் பிறந்த மண்ணில் அவர்களுடைய இடம் வெறுமையாயிற்று.

கணக்கு வாத்தியாருக்கு இரவில் வேறு நினைவு வராது. மற்றொரு கணக்கும் வந்தது. காலஞ்சென்ற மன்னார் ஆயர் இராயப்பு யோசேப்பு ஆண்டகை, 2011 ஜனவரியில், கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் வைத்த கணக்கு அது. 2008 அக்டோபர்த் தொடக்கத்தில் வன்னியில் இருந்தோர், கச்சேரிப் பதிவின்படி, 429,059 பேர். போர் முடிந்தபின் வெளியே வந்தோர் எனப் பதிவானவர் 282,380 பேர். மீதி 146,679. மூன்றாம் வகுப்புப் பிள்ளை செய்யக்கூடிய கழித்தல். அவர்கள் கொல்லப்பட்டார்கள் என்று ஆயர் சொல்லவில்லை. அவர்களுக்கு என்ன நேர்ந்தது என்றே கேட்டார். விடை எழுதப்படாமலே அவர் 2021 ஏப்ரலில் கண்மூடினார்.

எழுத்தில் இருந்தவனைப் பிறகு எழுத்தில் காணவில்லை. அவன் செத்தவனுமல்லன், இருப்பவனுமல்லன். நம் முன்னோர் இத்தகைய நிலைக்குத்தான் பேய் என்று பெயரிட்டார்கள் போலும். இந்தப் பேயை வாயு எரிகிறது என்று கரும்பலகையில் விளக்கித் தீர்க்க முடியாது. பொறிவைத்துப் பிடித்து நிலவறையில் அடைக்கவும் முடியாது. கோவைகளில் கட்டி அலுமாரியில் பூட்டி வைப்பதும் அடைத்து வைப்பதே.

2018இல் மன்னார் நகரத்தின் வாயிலில், சதொசக் கட்டடத்துக்காக வெட்டிய மண்ணில் எலும்புகள் வெளிப்பட்டன. நீதிமன்ற மேற்பார்வையில் மாதக்கணக்காகத் தோண்டி, முந்நூற்றுக்கு மேற்பட்ட மனித எச்சங்களை எடுத்தார்கள். அவற்றுள் குழந்தைகளுடையனவும் இருந்தன. அக்கா பல நாள் அங்கே போய் நின்றுவிட்டு வந்தாள். 2019 மார்ச்சில் அமெரிக்க ஆய்வுகூடம் ஒன்று, அனுப்பப்பட்ட சில மாதிரிகளின் வயது பதினைந்தாம் நூற்றாண்டுக்கும் பதினேழாம் நூற்றாண்டுக்கும் இடைப்பட்டது என்று அறிவித்தது. விஞ்ஞானத்தை நான் மதிக்கிறேன். ஆனால் அன்று பல தாய்மார் அடைந்தது ஆறுதலா ஏமாற்றமா என்று எனக்கு இன்றும் தெரியாது. எலும்புகளிடம் பெயரைக் கேட்டார்கள்; கிடைத்தது நூற்றாண்டு.

படத்தின் முடிவைச் சொல்லவில்லையே. சுதந்திர தேவி சிலைக்குள் நல்லெண்ணத்தால் ஊறிய குழம்பைத் தெளித்து, பாட்டுப் போட்டு, அதை வீதியில் நடக்கவிடுகிறார்கள். புத்தாண்டு இரவில் மக்கள் கூடிப் பாட, பழங்காலக் கொடுங்கோலன் ஒருவனின் ஆவி வலிமை குன்றி ஒழிகிறது. அமெரிக்கர் நல்ல உள்ளம் படைத்தவர்கள். ஒரு சிலையும் ஒரு பாட்டும் போதும் என்று நினைக்கிறார்கள். நம் நாட்டிலும் நல்லிணக்க விழாக்களில் பாட்டுப் பாடிப் பார்த்தோம். ஒரு பாட்டில் கரையும் பகை அல்ல இது. பெயர் கேட்டவனுக்குப் பெயர் கொடுக்க வேண்டும். கணக்குக் கேட்டவளுக்குக் கணக்குக் காட்ட வேண்டும். போனவர்களுக்கு வீட்டுக் கதவைத் திறந்துவிட வேண்டும். அதன்பின் பாடலாம், அப்போது பாட்டும் நன்றாகவே இருக்கும்.

மறுநாள் பேரனைத் தலைமன்னார் இறங்குதுறைக்கு அழைத்துப் போனேன். போரினால் கால் நூற்றாண்டு நின்றிருந்த புகைவண்டி 2015 முதல் மறுபடியும் அங்கே வருகிறது. கப்பல்தான் இல்லை. கடலுக்குள் நீளும் பழைய பாலம் துருப்பிடித்து நிற்கிறது. "தாத்தா, இங்கே பேய் இருக்குதா?" என்று பேரன் சிரித்துக்கொண்டு கேட்டான். இல்லை என்ற பழைய விடை வாய்வரை வந்தது. "இல்லை. ஆனால் வரவேண்டிய ஆட்கள் இருக்கிறார்கள்" என்றேன். அவனுக்கு விளங்கியதோ என்னவோ, சிரிப்பை நிறுத்திவிட்டுக் கடலைப் பார்த்தான்.

மாலையில் அக்கா படலையைத் திறந்துகொண்டு வந்தாள். கதிரையில் உட்காரவில்லை. "தம்பி, படம் முழுக்க வேண்டாம். அந்தக் கப்பல் வாற இடத்தை மட்டும் இன்னொருக்காப் போடச் சொல்லு" என்றாள்.

பேரன் என்னைப் பார்த்தான். போடச் சொன்னேன். வெளிச்சம் போதவில்லை என்று அவள் திரைக்குக் கிட்டப் போய் நின்று, இறங்கி வரும் ஒவ்வொரு முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.