சொல் விளையும் தேரி

சொற்கள் செடியாக முளைத்துக் கொடியாகப் படர்ந்து, கைக்கெட்டும் உயரத்தில் காய்த்துத் தொங்கும் தோட்டங்களைக் கதைகளில் காணலாம். எங்கள் ஊராகிய நாசரேத்தில் அதற்குக் கதை தேவையில்லை. வடக்கே தாமிரபரணிப் பாசனத்தில் நெல்லும் வாழையும் நிற்கின்றன. தெற்கே சென்றால் குதிரைமொழித் தேரியின் செம்மணலும் பனையும். தேரியை ஒட்டிய ஊர்களுள் ஒன்றன் பெயர் காயாமொழி. அப்பெயர்களின் வரலாறு எதுவாயினும் ஆகுக. ஊர்ப்பெயரிலேயே மொழி முளைத்திருப்பது கண்டு தமிழாசிரியன் மகிழாமல் வேறு யார் மகிழ்வது?

இத்தோட்டத்தில் ஒன்றன் பெயரை மற்றொன்றுக்கு இட முடியாது. வாழைக்கு இலை, நெல்லுக்குத் தாள், கரும்புக்குத் தோகை, பனைக்கு ஓலை. இளமையிலும் அப்படியே: நெல் நாற்று, வாழைக்கன்று, தென்னம்பிள்ளை, பனையின் வடலி. இவ்வாறு நுணுகிப் பெயரிடும் வளத்தைத் தேவநேயப் பாவாணர் தம் ஆய்வுகளில் விரிவாக எடுத்துக்காட்டியுள்ளார். ஆயினும் அவருக்கும் நெடுங்காலம் முன்பே தொல்காப்பியர் இத்தோட்டத்தைச் சுற்றிவந்துவிட்டார். புறத்தே வயிரம் உடையவற்றைப் புல் என்றும், அகத்தே வயிரம் உடையவற்றை மரம் என்றும் மரபியலில் அவர் பிரிக்கிறார். அக்கணக்கின்படி, வானளாவி நிற்கும் பனை ஒரு புல்! அப்புல்லின் உறுப்புகளாகத் தோடு, மடல், ஓலை, ஏடு, இதழ், பாளை, ஈர்க்கு, குலை ஆகியவற்றை எண்ணுகிறார்.

மாணவர்களே, இப்பட்டியலை மீண்டும் ஒருமுறை படியுங்கள். காலையில் நாம் விரிப்பது நாளேடு. மாதந்தோறும் வருவது இதழ். நண்பருக்கு எழுதுவது மடல். கணினி வந்தபின் அது மின்மடல். அரசன் விடுத்ததும் ஓலை. அன்னையின் காதில் ஆடுவது தோடு. நெல்லின் தாளும் இன்று நம் வினாத்தாள் ஆகிவிட்டது. பனையோலை அச்சுக்கு வழிவிட்டு ஒதுங்கிய பின்னும், அதன் உறுப்புகள் எழுத்துலகை விட்டு வெளியேறவில்லை. எழுத்தின் வடிவிலும் அந்த ஓலைக்குப் பங்குண்டு. எழுத்தாணியால் குத்தினால் ஓலை கிழியும் என்பதால் ஏட்டில் புள்ளியிடாது விட்டனர். அதனால் எகர ஏகாரமும், ஒகர ஓகாரமும் மயங்கிக் கிடந்தன. அம்மயக்கத்தைத் தீர்க்க வீரமாமுனிவர் வரிவடிவத்தைத் திருத்த வேண்டியதாயிற்று.

பனை நம் மாநில மரம். மாவட்ட ஆட்சியரின் இசைவின்றி அதனை வெட்டலாகாது என 2021ஆம் ஆண்டின் வேளாண் நிதிநிலை அறிக்கை அறிவித்தது. 2023இல் உடன்குடிப் பனங்கருப்பட்டி புவிசார் குறியீடு பெற்றது. மகிழ்ச்சியே. ஆனால் ஏறுவார் இல்லாத பனை நின்றுகொண்டிருக்கும்போதே அதன் சொற்கள் உதிர்கின்றன. மேலும் ஒன்று: சில சொற்கள் உதிர்வதில்லை, அழுகிவிடுகின்றன.

பன்னாடை அப்படிப்பட்ட சொல். ஓலை மட்டையின் அடியில் துணிபோல் பின்னியிருக்கும் நார்வலை அது. நன்னூலார் கடைமாணாக்கருக்குக் கூறிய உவமைகளுள் நெய்யரி ஒன்று. நெய்யை ஒழுகவிட்டுக் கசடைப் பிடித்துக்கொள்ளும் பன்னாடையே அது. நூற்பாவைப் பதினொன்றாம் வகுப்பில் விளக்கியபோது வகுப்பு சிரித்தது. பின்வரிசை மாணவி ஒருத்தி மட்டும் சிரிக்கவில்லை. பாடவேளை முடிந்ததும் என்னிடம் வந்தாள்.

“ஐயா, எங்கள் தாத்தா அதில்தான் பதநீரை அரிப்பார். தூசியையும் பூச்சியையும் அது வைத்துக்கொண்டு நமக்கு நல்லதைத் தருகிறது. அதை ஏன் வசைச்சொல் ஆக்கினார்கள்?”

பதநீரைக் குடிப்பவன் பக்கம் நின்று பார்த்தால் அவள் சொல்வதே சரி. இலக்கண ஆசிரியர் கசடு தங்கும் பக்கம் நின்று பார்த்தார். இரண்டு பக்கமும் அறிந்த அவள், தன் வீட்டுச் சொற்களை வகுப்பில் உரக்கச் சொல்லக் கூசிக்கொண்டிருந்தாள் என்பதுதான் என்னை வருத்தியது. அச்சொற்களை எழுதி வருமாறு கூறினேன். பருவப்பனை, அலகுப்பனை, கருக்கு, குரும்பை, தவின், விடிலி, கடிப்பு எனப் பக்கங்கள் நிரம்பின. சிலவற்றுக்கு அகராதியின் பொருள் எனக்கு நிறைவளிக்கவில்லை.

ஒரு சனிக்கிழமை அவள் வீட்டுக்குச் சென்றேன். தாத்தா பனையேறுவதை விட்டுச் சில ஆண்டுகள் ஆகியிருந்தன. மகன் தூத்துக்குடித் துறைமுகத்தில் சரக்கு லாரி ஓட்டுகிறார். கடிப்பு என்றால் என்ன என்று கேட்டேன். பாளையை இடுக்கிப் பதப்படுத்தும் மரக்கருவி என்பதை நான் அறிவேன். அவர் எவ்வாறு சொல்வார் என்பதே என் ஆவல். அவர் ஒன்றும் கூறாமல் கூரையில் செருகியிருந்த கருவியை எடுத்து வந்தார். என் சுட்டுவிரலைப் பாளையாகக் கொண்டு மெல்ல இடுக்கினார்.

“உள்ளே நசுங்கணும் ஐயா, வெளியே தோல் கிழியக் கூடாது. இந்த அளவுதான்.”

பேத்தி எழுதுகோலைத் திறந்து வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

“இதை எப்படி எழுதட்டும், ஐயா?”