எங்க வீட்டு மாட்டுக்கறி

கொழுப்பில்லாத மாட்டுத் தொடைக்கறியைப் பஞ்சு மாதிரி வேகவைப்பதில் எங்க அம்மாவை மிஞ்ச ஆளில்லை. மஞ்சள், மிளகு, இஞ்சி பூண்டு விழுது தடவி ஊறவைத்து, மண்சட்டியை மூடி, சிறு தீயில் இரண்டு மணி நேரம் விடுவார். "தீயைக் கூட்டினா கறி விறைச்சுக்கும்டா" என்பார்.

தசையைப் பிணைக்கும் கொலாஜன் 70 டிகிரி செல்சியசுக்கு மேல் மெதுவாகத்தான் ஜெலட்டினாக இளகும். அவசரப்பட்டால் அதற்குள் இழை சுருங்கிச் சாறு வெளியேறிவிடும். பள்ளிக்கூடமே பார்க்காத அம்மாவுக்கு இது கைப்பாடம்.

விடுதிக்குக் கட்டிக் கொடுக்கும்போது, "கேட்டா ஆட்டுக்கறின்னு சொல்லுடா" என்றார். நான் மாட்டுக்கறி என்றே சொன்னேன். இரண்டு பேர் தட்டோடு எழுந்து போனார்கள். மற்றவர்கள் கை நீட்டினார்கள், டப்பா காலி! வீட்டுக்குப் போய் அம்மாவிடம் சொன்னேன். அடுத்த வாரம் பெரிய டப்பாவாகக் கொடுத்தார்.