புளிச்சாறும் மீன்சாறும்

புதுச்சேரிச் சமையல் என்றதும் பிரெஞ்சுக்காரர்களையும் கடற்கரைச் சாலை உணவகங்களையும் நினைத்துக்கொள்வது வழக்கமாகிவிட்டது. எங்கள் வீட்டு இராச்சாப்பாட்டில் பிரெஞ்சுக்காரருக்குள்ள பங்கு ஒரு நீள ரொட்டி மட்டுமே. மற்றதெல்லாம் சைகோனுக்கும் திண்டிவனத்துக்கும் இடையிலான விவகாரம்.

1881-ஆம் ஆண்டின் ஆணைப்படி, சாதி, சமய வழக்கம் சார்ந்த தனிச்சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுக் குடிமைச் சட்டத்தை ஏற்றுக்கொண்ட புதுச்சேரியர் பலர் இந்தோசீனாவுக்கு வேலைக்குப் போனார்கள். காவல், சுங்கம், வரி, இராணுவம் என்று எல்லாத் துறைகளிலும் நம்மவர்கள் இருந்தார்கள். 1954-இல் பிரெஞ்சு ஆட்சி அங்கே முடிவுக்கு வந்த காலத்தையொட்டிப் பலர் ஊர் திரும்பியபோது, சிலருடன் வியட்நாமிய மனைவியரும் வந்தனர். படையிலிருந்து வந்தவர்களை ஊர் 'சொல்தா' என்றது. என் மனைவியின் பாட்டி அப்படி வந்தவர். அவருடைய மகளான என் மாமியார் சைகோனில் பிறந்து, ஐந்து வயதில் கப்பலேறி வந்தவர்.

விடைத்தாள் திருத்தும் நாட்களில் எங்கள் வீட்டில் அரை மணி நேரச் சமையல்தான். அத்தை அதைக் 'கான் சுவா' என்பார். புளியைக் கரைத்துக் கொதிக்கவிட்டு, தக்காளி, அன்னாசித் துண்டு, வெண்டைக்காய், மீன் ஆகியவற்றை ஒன்றன்பின் ஒன்றாகப் போடவேண்டும். சைகோனில் விரால் போடுவார்களாம். இங்கே கொடுவா, அது அகப்படாத நாளில் சங்கரா. அங்கே தூவும் மூலிகை இங்கே கிடையாது, கொத்தமல்லிதான். கடைசியில் வறுத்த பூண்டு சேர்ப்பதுதான் அங்குள்ள முறை. பாட்டி இங்கே வந்தபின் பூண்டுக்குப் பதில் வடகத்தைத் தாளித்துக் கொட்டினார். சின்ன வெங்காயம், பூண்டு, கடுகு, உளுந்து, கறிவேப்பிலை எல்லாம் சேர்த்து இடித்து, விளக்கெண்ணெய் தடவி உருட்டிக் கோடை வெயிலில் காயவைத்த அதே வடகம். (இதைத்தான் 'வதுவான்' என்று பெயர் மாற்றி மேலைநாட்டுச் சமையற்கலைஞர்கள் கொண்டாடுகிறார்கள். விளக்கெண்ணெயைப் பற்றி அவர்கள் வாய் திறப்பதில்லை.)

ஆனால் இந்தச் சாற்றுக்கு உயிர் கொடுப்பது வடகமன்று. 'நுவாக் மாம்' என்னும் மீன்சாறு. நெத்திலி இன மீனையும் உப்பையும் மாதக்கணக்கில் ஊறவைத்து வடித்தெடுப்பது. பாரிசில் இருக்கும் உறவினர்கள் அங்குள்ள பதின்மூன்றாம் வட்டாரத்துக் கடைகளில் வாங்கி வருகிறார்கள். சைகோனிலிருந்து பாரிஸ் சென்று புதுச்சேரிக்கு வரும் அந்தப் பாட்டிலின் பயணம் எங்கள் குடும்ப வரலாற்றைவிட நீளமானது.

2006-இல் எனக்குத் திருமணம். அதன்பின் எட்டு ஆண்டுகள் என் அம்மா சம்பந்தி வீட்டில் கை நனைக்கவில்லை. மீன்சாற்றின் நாற்றம் பிடிக்கவில்லை என்பதே சொல்லப்பட்ட காரணம். அம்மா கருவாட்டுக் குழம்பு வைத்தால் தெருவுக்கே தெரியும். ஆகவே காரணம் நாற்றமன்று என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது. 'சீனாக்காரி வீடு' என்று அவர் தாழ்ந்த குரலில் ஒருமுறை சொன்னது என் மனைவியின் காதிலும் விழுந்தது. அரிக்கமேட்டுக்கு வந்த ரோமானியச் சாடிகளில் மதுவோடும் ஒலிவ எண்ணெயோடும் மீன்சாறும் வந்ததாக ஆய்வாளர்கள் சொல்வதையும், சிறுபாணாற்றுப்படையின் எயிற்பட்டினத்தில் பாணர்க்குக் காய்ந்த மீனைச் சுட்டுக் கொடுப்பதையும் அம்மாவிடம் சொல்லிப் பார்த்தேன். இலக்கியச் சான்று காட்டி யாரையும் சாப்பிட வைக்க முடியாது.

அப்பா காலமானபின் அம்மா எங்களோடு வந்துவிட்டார். எதிர்வீட்டில் அத்தை. முதல் முறை இந்தச் சாற்றைப் பார்த்த அம்மா, "என்னடா இது, ரசத்துல வெண்டைக்காய்?" என்றார். அன்று அத்தை மீன்சாற்றை ஊற்றுவதற்கு முன்பே ஒரு கிண்ணம் எடுத்துத் தனியே வைத்து, அதில் மட்டும் கல்லுப்புப் போட்டார். யாரும் கேட்டுக்கொள்ளவில்லை. இன்றுவரை அந்தக் கிண்ணம் தனியாகவே எடுத்து வைக்கப்படுகிறது. இருவரும் அதைப் பற்றி ஒரு சொல்லும் பேசிக்கொண்டதில்லை.

தொல்காப்பியர் கருப்பொருளில் தெய்வத்துக்கு அடுத்தபடியாக உணவை வைக்கிறார். உரிப்பொருள் தவிர மற்றவை திணை மயங்கலாம் என்பதும் அவர் விதி. வகுப்பில் இதை நடத்தும்போதெல்லாம் எனக்கு அந்தக் கிண்ணம் நினைவுக்கு வரும். உணவு மயங்கிவிட்டது, மயங்காமல் நிற்பது எது என்பதை எங்கள் வீட்டில் வைத்து என்னால் சொல்ல முடியவில்லை.

இவ்வாண்டு மகள் படிப்பதற்காக லியோன் போகிறாள். செய்முறையை எழுதித் தரச் சொன்னாள். அத்தை அளவுகளைச் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து, வடகம் கருகாமல் எடுக்கவேண்டும் என்று இரண்டு முறை சேர்த்துக்கொண்டார். தலைப்பில் மட்டும் தடை. வியட்நாமிய மொழியில் ஒரே ஓசை தொனி மாறினால் வேறு சொல்லாகிவிடும். பாட்டி தம் மகளுக்கு அம்மொழியைக் கற்றுத்தரவில்லை. தெருப்பிள்ளைகள் கேலி செய்ததால் வீட்டுக்குள்ளும் பேசுவதை நிறுத்திவிட்டாராம். அத்தையிடம் எஞ்சியிருப்பவை ஏழெட்டுச் சொற்கள். எல்லாம் சாப்பாட்டுச் சொற்கள். 'சுவா' என்பதை ஏற்றிச் சொல்வதா, இறக்கிச் சொல்வதா என்று பேத்தி கேட்டாள். அத்தை இரண்டு விதமாகவும் சொல்லிப் பார்த்தார். மூன்றாவது முறை சொல்லாமல், அடுப்பை அணைக்க எழுந்து போனார்.