கானாவும் நாட்டுப்பாடலே

மண்ணுக்கு மண் மணம் மாறும்; பாட்டும் அப்படியே. நெல்லை, குமரிப் பக்கம் கோயில் கொடை என்றால் வில்லுப்பாட்டு. வீசுகோல் பட்டு வில்லின் மணிகள் ஒலிக்க, உடுக்கையும் குடமும் தாளம் சேர்க்க, கதை விடிய விடிய நடக்கும். மதுரைப் பக்கம் கரகாட்டத்திற்கு நையாண்டி மேளம்.

நம் சென்னைக்கு எது? கானாதான்! உழைப்பாளர் குடியிருப்புகளில், சாவு வீட்டில் இரவெல்லாம் விழித்திருப்போருக்காகப் பாடி வளர்ந்த பாட்டு அது. எங்கள் குரோம்பேட்டையிலும் கேட்டிருக்கிறேன். இறந்தவர் பெயரையும் பிள்ளைகள் பெயரையும் சேர்த்து, அங்கேயே அடி கட்டிப் பாடுவார்கள்.

வில்லுப்பாட்டைக் கலை என்று போற்றும் நாம் கானாவைச் 'சாவுப் பாட்டு' என்று ஒதுக்குகிறோம். ஒப்பாரியும் சாவுப் பாட்டுதானே? பாடுகிறவர் வாழும் தெருவைப் பார்த்தல்லவா பாட்டை எடை போடுகிறோம்! பறைக்கும் இக்கதியே நேர்ந்தது.

காலம் மாறுகிறது. 2018 ஜனவரியில் 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவினர் சென்னையில் கானாவை மேடையேற்றினர். 2025-இல் பறைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. நண்பர்களே, அடுத்த முத்தமிழ் விழாவின் நாட்டுப்பாடல் போட்டியில் கானாவுக்கும் இடம் கேட்போம். பேராசிரியப் பெருமக்கள் மறுக்கமாட்டார்கள் என்று நம்புகிறேன்.